தம்பி அனுப்பிய குலை

1974, ஓணத்துக்கு முந்தைய இரவு. மட்டாஞ்சேரி.

வைப்பின் தீவில் அப்பா சாகும்வரை குத்தகைக்கு உழுத வயல், உழுபவனுக்கே நிலம் என்ற புதுச் சட்டப்படி, முழுவதும் தம்பிக்கே என்று எர்ணாகுளம் நில டிரிப்யூனலில் இன்று தீர்ப்பாகிவிட்டது. மூத்த மகனான எனக்கு ஒரு வரப்புகூட இல்லை.

கெடுத்தது வாழைக்குலை. ஓணந்தோறும் குத்தகைக்காரன் நிலக்காரர் வீட்டுக்குக் குலை கொண்டுபோய் வைப்பது இங்கே வழக்கம். அப்பாவுக்குப் பிறகு தம்பிதான் சுமந்தான். பி.ஏ. படித்த நான் எவன் வாசலிலும் குலையோடு நிற்கமாட்டேன். நிலக்காரக் கிழவர் இன்று கூசாமல் சாட்சி சொன்னார்: "குலை கொண்டுவந்தவனாக்கும் என் குடியானவன். மூத்தவனை நான் கண்டிட்டே இல்லை."

படகுத்துறையில் தம்பி சிரித்தான். "அண்ணாவுக்குப் படிப்பு, எனக்கு வயல். பின்னெ என்ன?"

நான் வீடு வருவதற்குள் அவன் ஆள் ஒரு நேந்திரங்குலையை இறக்கிவிட்டுப் போயிருந்தான். என் மனைவி அதை வாங்கி உத்தரத்தில் தொங்கவிட்டிருந்தாள்.

"பழுத்தாச்சு. காலைல ஆவியில புழுக்கட்டுமா?"

"தொடாதே."

"கொழுந்தன் தந்தது கசக்குதா? அப்ப நீங்களே கொண்டுபோய்த் திருப்பிக் கொடுங்க."

அப்பீலுக்குக் குறிப்பு எழுத உட்கார்ந்தேன். அறை முழுக்கப் பழ வாசனை. தின்றால், தீர்ப்புக்குச் சம்மதித்துவிட்டேன் என்பான் அந்த அயோக்கியன். திருப்பிக் கொண்டுபோனால், ஓணத்தன்று அவன் வாசலில் குலையோடு நிற்பவன் நான்.