தம்பி பெயரில் ஒரு ட்ரக்டர்

வியாழன், இரவு.

அனுமதி இல்லாமல் ஆற்று மணல் ஏற்றியதாகப் பொலிஸ் பிடித்து வைத்த ட்ரக்டரைக் கோர்ட் இன்று விடுவித்தது. பதிவு தம்பி பெயரில், அதனால் பிணைக்கு அவன்தான் கையெழுத்து வைத்தான். மெக்கானிக் டிப்ளோமா படித்த என் பெயரில் வாப்பா ஒரு சைக்கிள்கூட எடுத்ததில்லை.

வாரக்கணக்காக வெயிலில் நின்ற எஞ்சின். டீசல் லைனில் காற்றை எடுத்து ஸ்டார்ட் செய்தவன் நான். வாப்பா சாவியைத் தம்பியிடம் நீட்டினார்.

“சொந்தக்காரன்தானே ஓட்டோணும்.”

தம்பி சிரித்தான். “நானா,” என்றான் அண்ணனான என்னிடம், “நீங்க மட்காட்டில ஏறுங்கோ.”

பின் சில்லுக்கு மேலே ஏறி உட்கார்ந்தேன். அவன் ஹேண்ட் பிரேக்கை எடுக்காமலே ஓட்டினான். பார்த்துக்கொண்டே இருந்தேன். எங்கள் ஊர் மறிச்சுக்கட்டி வரைக்கும் வாய் திறக்கவில்லை.

வீட்டு வாசலில் கருகல் நாற்றம். முன்னரே வந்து நின்ற வாப்பா என்னைத்தான் பார்த்தார்.

“என்னடா மணக்குது?”

“தெரியா வாப்பா.”

நாளைக்கு அந்தக் கருகிய பிரேக்கைக் கழற்றப் போவதும் நான்தான்.