படகுக்காரன் ஒரு தடவைதான் கேப்பான்

என்னங்க,

சாப்பாடு மேஜைமேல மூடி வெச்சிருக்கேன், சூடு பண்ணிக்கோங்க.

வாசல்ல நீங்க கட்டி வெச்சிருக்கிற பெட்டியைப் பார்த்தேன். டிவியைப் போட்டா அங்கேயும் அதே கதை! சேர்ந்து முடிக்கலாம்னு வெச்சிருந்த கேமோட கடைசி பாகத்தை நீங்க மட்டும் ஆடியிருக்கீங்க. கோட்டைக் கதவை மூட ஒருத்தர் உள்ளேயே நின்னாகணும்னதும், என்னை ஒரு வார்த்தை கேக்காம உங்க வீரனை நிறுத்திட்டீங்க. என் சூனியக்காரி வெளியில தனியா நிக்கிறா. இதுக்குப் பேரு தியாகமா? வீம்பு!

"போறதுன்னா போங்க"ன்னு நான் சொன்னது ஆத்திரத்துல வந்த பேச்சுங்க.

டூட்டிக்கு நேரமாச்சுன்னுகூடப் பார்க்காம ஒரு வழி கண்டுபிடிச்சிருக்கேன். கேம்ல வர்ற ஆத்தங்கரைப் படகுக்காரன் உள்ளே நிக்கிறவரைக் கூட்டிட்டு வருவானாம். கூலியா என் மந்திரக்கோலைக் கேட்டான், கொடுத்துட்டேன். ஆனா உள்ளே இருக்கிறவரே சம்மதிக்கணுமாம். என் கன்ட்ரோலர்ல அழுத்து அழுத்துன்னு அழுத்தினேன், உங்க வீரன் அசையலை.

டிவியை அணைக்கலை. "திரும்பி வர்றியா?"ன்னு கேட்டுக்கிட்டுப் படகுக்காரன் நிக்கிறான். உங்க கன்ட்ரோலரைச் சார்ஜ்ல போட்டு, பெட்டிமேலேயே வெச்சிருக்கேன். பதில் சொல்லாம பெட்டியைத் தூக்காதீங்க, கெஞ்சிக் கேக்கறேன்.

பி.கு.: யோசிச்சு அழுத்துங்க. அவன் ஒரு தடவைதான் கேப்பான். நான் எத்தனை தடவை வேணும்னாலும் கேப்பேன்.