நீ மூச்சுத்தான் எடுத்தாய்

இன்று காலை எங்கள் கட்டடத்து மரங்களின் அடியில் ஒரு லொறி நிறைய மரச்சீவல் கொண்டுவந்து கொட்டினார்கள். ஏற்கெனவே மழையில் நனைந்திருந்த சீவல். உக்கி மக்கிய மரத்தின் மணம் டோர்செட் பார்க்கில் என்னுடைய ஏழாம் மாடி வரைக்கும் ஏறி வந்தது. பக்கத்து வீட்டு அன்ரி தன்னுடைய பல்கனிக் கதவைச் சாத்தப் போனவர் என்னைக் கண்டுவிட்டு, "உள்ள போங்கோ பிள்ளை, உந்த மணம் உங்களுக்குக் கூடாது" என்றார். உன்னுடைய கதை அவருக்குத் தெரியும். நான் உள்ளே போகவில்லை. கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்று, நெஞ்சு நிறைய இழுத்து விட்டேன். நீ போய் மூன்று வருடமாகிறது. எனக்கு இன்னும் கோபம் ஆறவில்லை. அதுதான் தேத்தண்ணியைக்கூடக் குடிக்காமல் உனக்கு எழுத உட்கார்ந்துவிட்டேன்.

அஜின்கோர்ட்டில் ஒரு தேவாலயத்தின் பேஸ்மென்றில் நடந்த ஆங்கில வகுப்பில்தான் உன்னை முதலில் பார்த்தேன். ஒவ்வொருவரும் எழும்பித் தங்களுடைய பொழுதுபோக்கைச் சொல்ல வேண்டும். எனக்கு முன்னால் நாலு பெண்கள் சமையல் என்று சொன்னபடியால் நானும் சமையல் என்றேன். நீ எழும்பி நின்று, மீன் பிடிக்கிறது என்றாய். பின்வரிசையில் இருந்த எங்கள் ஆண்கள் சிரித்தார்கள். நீ திரும்பி, "ஏன் சிரிக்கிறியள்? நீங்கள் மீன் தின்னிறேல்லையோ?" என்று தமிழில் கேட்டாய். சிரிப்பு நின்றுவிட்டது. நான் யாழ்ப்பாணத்தில் மீன் வாசமே படாத வீட்டில் வளர்ந்தவள். நீ மன்னாரில் கடலோடு வளர்ந்தவள். அன்றைய இடைவேளையில் நான்தான் உனக்குப் பக்கத்தில் வந்து நின்றேன்.

"வள்ளத்தில பொம்பிளை காலை வைச்சா மீன் படாதெண்டு அப்பா என்னை ஒருநாளும் ஏத்தேல்லையடி" என்று பிறகொருநாள் சொன்னாய். "நல்லகாலம், இஞ்சத்தை ஏரியளுக்கு அந்தக் கதை தெரியாது."

கணவன் விட்டுப்போன பிறகு நீ ஸ்கூல் பஸ் ஓட்டப் பழகினாய். ஐந்தடி உயரத்தில் இருந்துகொண்டு அந்தப் பெரிய மஞ்சள் பஸ்ஸை வளைத்துத் திருப்புவாய். மகள் டிலானியைப் படிப்பித்துப் பிறம்ரனில் கட்டிக் கொடுத்தாய். பள்ளிக்கூட விடுமுறை வந்தால் வடக்கே பத்து மணித்தியாலம் காரோட்டி, ஓர் ஏரிக்கரையில் சின்ன மரவீடும் தகர வள்ளமும் வாடகைக்கு எடுப்பாய். பேச்சுத் துணைக்கு நான். தூண்டிலைத் தொடமாட்டேன், புழுப் பெட்டியைப் பார்க்கமாட்டேன், ஆனாலும் ஒவ்வொரு ஜூலையும் வந்தேன்.

ஏரிக்குப் போகும் வழியில் புழு விற்கிற கடை ஒன்று இருந்தது, நினைவிருக்கிறதா? கடைக்காரப் பெண்மணியின் மஞ்சள் நாய் உன்னைக் கண்டால் வாசலுக்கு ஓடிவரும். நீ சுகமாக இருந்த கடைசிக் கோடையில் வாசலில் நாய் இல்லை. கேட்டபோது, செத்துவிட்டது என்றார். ஈர மண்ணிலும் உக்கிய மரத்திலும் இருக்கிற ஒரு பங்கசு, ஒருவகைப் பூஞ்சணம், மூக்கால் ஏறி நெஞ்சைப் பிடித்து, பிறகு மூளைக்குப் போய்விட்டதாம். மனிதருக்கும் வருமாம், எப்போதாவது. நீ அவருடைய தோளைத் தடவினாய். நாங்கள் புழுவை வாங்கிக்கொண்டு போனோம்.

அடுத்தநாள் வள்ளம் இறக்குகிற இடத்தில் ஒரு பழைய மரம் விழுந்து கிடந்தது. நீ அதைக் காலால் உதைத்தாய். உள்ளே முழுக்க உக்கி, பலகாரம்போல நொறுங்கிப்போனது. மண்ணிறத் தூசி எழும்பியது. கையாலேயே அள்ளி அள்ளி எறிந்து பாதை எடுத்தாய். நான் நாலடி தள்ளி நின்றேன். நீ எடுத்த அதே மூச்சைத்தான் நானும் எடுத்தேன். எனக்கு ஒன்றும் வரவில்லை. ஏன் என்று எத்தனையோ பேரிடம் கேட்டுவிட்டேன். ஒருவருக்கும் சொல்லத் தெரியவில்லை.

செப்டம்பரில் நீ இருமத் தொடங்கினாய். வோக்-இன் கிளினிக்கில் மருந்து தந்தார்கள். அது முடிய வேறொரு மருந்து. ஒக்டோபரில் இரவில் வியர்த்து உடுப்பு நனையும் என்றாய். உன்னுடைய சீருடைக் காற்சட்டை இடுப்பில் நிற்கவில்லை. எக்ஸ்ரேயில் வலது நெஞ்சில் வெள்ளையாக ஒரு திட்டு. எந்த நாட்டில் பிறந்தாய் என்று கேட்டார்கள். நீ சொன்னாய். உடனே முகக்கவசத்தைத் தந்து, தனி அறையில் போட்டார்கள். சயரோகமாக இருக்கலாமாம். கனடாவுக்கு வந்து இருபத்தெட்டு வருடம். எங்கே பிறந்தாய் என்றுதான் கேட்டார்கள்.

செய்தி ஸ்காபரோ முழுக்கப் பரவ இரண்டு நாள் போதுமாக இருந்தது. தேவாலயப் பங்கிலிருந்து ஒருவரும் பார்க்க வரவில்லை. டிலானியின் மாமியார், பேரப்பிள்ளையைக் கொஞ்சநாளைக்கு உன்னிடம் கொண்டுபோக வேண்டாம் என்று டிலானிக்குப் போனில் சொன்னார். நீ அழவில்லை. "வரட்டும் எனக்குச் சுகம். ஒவ்வொருத்தரின்ர வீட்டுக் கதவா தட்டிக் கை குடுக்கிறன்" என்றாய்.

மூன்று தரம் சளி எடுத்துச் சோதித்தார்கள். சயரோகம் இல்லை. அப்படியானால் புற்றுநோயாக இருக்கலாம், நெஞ்சைத் திறந்து ஒரு துண்டு வெட்டிப் பார்க்க வேண்டும் என்றார்கள். அன்றைக்கு மத்தியானம் காய்ச்சலோடு கண்ணை மூடிக்கொண்டு கிடந்த நீ, திடீரென்று கேட்டாய்.

"எடி, அந்த நாய் எதால செத்தது?"

வெளியே ஓடிவந்து, புழுக் கடையின் நம்பரைத் தேடி எடுத்து அழைத்தேன். அந்தப் பெண்மணி நோயின் பெயரை எழுத்தெழுத்தாகச் சொல்ல, நான் கைப்பையில் கிடந்த பழைய கடிதவுறையில் எழுதினேன். பிளாஸ்ரோமைக்கோசிஸ். அவர், தாமதிக்க வேண்டாம் என்று இரண்டு தரம் சொன்னார்.

பெரிய டொக்டர் வந்தபோது கடிதவுறையை நீட்டினேன். பார்த்துவிட்டுச் சிரித்தார். கெட்ட மனிதர் இல்லை. ஆனால் சிரித்தார். அது மிகவும் அபூர்வம், சத்திரசிகிச்சைக்குச் சம்மதக் கையெழுத்துத் தந்தால் எல்லாம் தெரிந்துவிடும் என்றார். ஸ்கூல் பஸ்ஸில் ஆங்கிலத்தால் அறுபது பிள்ளைகளை அடக்கியவள் நீ. அன்றைக்குக் காய்ச்சலில் உனக்குத் தமிழ்தான் வந்தது.

"இவருக்குச் சொல்லு. என்ர சளியைப் பங்கசுக்குப் பாக்கட்டும். பாக்காமல் நான் கையெழுத்து வைக்கமாட்டன்."

நான் சொன்னேன். அவர் தலையை ஆட்டி, ஏதோ விளக்கப்போனார்.

"இன்னும் சொல்லு. பாக்க ஏலாதெண்டால் பரவாயில்லை. நான் கேட்டனான், அவர் மாட்டனெண்டவர். ரெண்டையும் பைல்ல எழுதி, தன்ர பேரையும் போடட்டும்."

அதையும் அப்படியே சொன்னேன். டொக்டர் பேனையை எடுத்து, சோதனைக்கு எழுதினார்.

நாலாம் நாள் அவரே வந்து, கதிரையை இழுத்துப்போட்டு உன்னருகில் இருந்தார். நுணுக்குக்காட்டியில் அது தெரிகிறது, நீங்கள் சொன்னது சரி, நாங்கள் முதலே பார்த்திருக்க வேண்டும் என்றார். நீ, "உதுகள் பிறகு கதைப்பம். மருந்தை ஏத்தச் சொல்லு" என்றாய். ஒருவரிடமிருந்து ஒருவருக்குத் தொற்றாத நோய் அது என்றும் அன்றைக்குத்தான் அறிந்தோம். உன்னிடமிருந்து ஒரு குழந்தைக்கும் ஒருபோதும் எதுவும் வந்திருக்காது.

அந்த மருந்து ஏறும்போது குளிரில் உன்னுடைய பல்லெல்லாம் அடிக்கும். நாலு போர்வை போட்டு நானும் டிலானியும் பிடித்துக்கொள்வோம். சிறுநீரகம் தாங்குகிறதா என்று நாள்தோறும் இரத்தம் எடுத்தார்கள். நெஞ்சில் இருந்த திட்டுச் சின்னதாகியது. ஆனால் நீ தலையிடி என்றாய். "நெத்திக்குள்ள ஆரோ கரைவலை இழுக்கினம்" என்றாய். ஒருநாள் கரண்டி உன்னுடைய வலது கையிலிருந்து தானாக விழுந்தது. ஸ்கான் எடுத்தார்கள். அது மூளைக்குள் போய்விட்டிருந்தது. செப்டம்பரில் கண்டுபிடித்திருந்தால் நெஞ்சோடு நின்றிருக்கக்கூடும் என்று ஓர் இளம் பெண் டொக்டர் எங்களிடம் மறைக்காமல் சொன்னார். அந்த ஒருவருக்கு மட்டும் நான் இன்றைக்கும் நன்றி சொல்வேன்.

பிறகு சொற்கள் உன்னைவிட்டுப் போகத் தொடங்கின. தண்ணீர் வேண்டும் என்று நினைத்து, வள்ளம் தா என்பாய். பிழையென்று உனக்கே தெரியும். கட்டிலில் கையால் அடிப்பாய். அதற்கு நீயே ஒரு வைத்தியம் கண்டுபிடித்தாய். காலை எழும்பியதும் உன்னுடைய பஸ் போகிற பாதையைச் சொல்லிப் பார்ப்பாய். "சிவப்புக் கதவு, ரெண்டு பிள்ளையள். மூலை வீடு, கண்ணாடி போட்ட பெடிச்சி. பச்சைக் கராஜ், எப்பவும் பிந்தி வாறவன்." ஒரு வீட்டை மறந்தால் முதலிலிருந்து தொடங்குவாய். ஒருநாள் இருபத்திரண்டு வீட்டையும் சொல்லி முடித்துவிட்டு, தாதியிடம் அப்பிள் ஜூஸ் கேட்டாய். அது சரியான சொல்லாகவே வந்தது.

இளவேனிலில் வீட்டுக்கு வந்தாய். ஒரு வருடத்துக்கு மேல் குளிசை போட வேண்டும். வலிப்பு வந்தபடியால் சாரதி அனுமதிப்பத்திரத்தைப் பறித்துவிட்டார்கள். அதற்குத்தான் நீ மிகவும் கோபப்பட்டாய். ஓகஸ்டில் என்னைப் பார்த்து, "நீ ஓட்டு, நான் வழி சொல்லுறன்" என்றாய். நெடுஞ்சாலையில் ஏறப் பயந்து இருபது வருடம் உள்வீதிகளிலேயே ஓடியவள் நான். டிலானி போனில் அழுதாள். "அம்மா, ஆர் யூ சீரியஸ்? அங்கதானே உது வந்தது." நீ அமைதியாகச் சொன்னாய்:

"உன்ர தாத்தாவைக் கடல்தான் பிள்ளை கொண்டுபோனது. செத்தவீடு முடிஞ்ச மூண்டாம் நாள் பெரியமாமா வள்ளத்தைத் தள்ளினவர். கடலோட கோவிச்சுக்கொண்டு எங்க போறது?"

டொக்டரிடமும் கேட்டோம். தண்ணீரில் பயமில்லை, உக்கிய மரத்தையும் மண்ணையும் கிளறாதீர்கள், ஆனால் உறுதி என்று ஒன்றைத் தன்னால் தரமுடியாது என்றார். நீ, அது போதும் என்றாய். வழி முழுக்க நானே ஓட்டினேன். வள்ளத்தில் இருந்து இடது கையால் தூண்டில் போட்டாய். இரண்டு நாளில் ஒரேயொரு மீன். ஒரு முழம்கூட இல்லை. வலது கை விறைத்துப்போனபடியால் கொக்கியைக் கழற்ற உன்னால் முடியவில்லை. நான் கழற்றினேன். நானடி, மீன் தொடாத மரக்கறிக்காரி. நீ சிரித்த சிரிப்பு மறுகரையில் எதிரொலித்தது.

அடுத்த மாரிக் குளிரில் அது திரும்ப வந்தது. மூளை வீங்கி, பதினொரு நாள் கண் திறக்காமல் கிடந்தாய். ஒரு முற்பகலில் போனாய். டிலானியும் நானும் ஆளுக்கொரு கையைப் பிடித்திருந்தோம்.

செத்தவீட்டில் உன்னுடைய சொந்தக்கார அங்கிள் ஒருவர், நாலு பேருக்குக் கேட்கும்படி, "உந்த வயசில பொம்பிளைக்கு என்ன மீன்பிடி? தேடிப் போய் எடுத்த வருத்தம்" என்றார். சபையில் வாயே திறக்காத நான் அவருக்கு முன்னால் போய் நின்றேன்.

"அங்கிள், அவ மூச்சு எடுத்தவ. அவ்வளவுதான் செய்தவ. நீங்களும் இப்ப அதைத்தான் செய்யிறியள்."

டிலானி வந்து என்னுடைய தோளில் சாய்ந்தாள். பிறகு அவள் ஆஸ்பத்திரிக்கு நீண்ட கடிதம் ஒன்று எழுதினாள். வந்த பதில் மரியாதையாக இருந்தது. அதிலும் அபூர்வம் என்ற சொல் இருந்தது. அந்தச் சொல்லைக் கேட்டால் இப்போது எனக்கு எரிச்சல் வருகிறது. அவர்களுடைய கணக்கில் நீ ஒரேயொரு எண். ஆனால் எனக்கு உன்னைப்போல வேறொருத்தி இருக்கவில்லை.

போன மாரியில் என்னுடைய குடும்ப டொக்டரின் காத்திருப்பு அறையில் ஒருவர் இருமிக்கொண்டிருந்தார். ஐம்பது வயதிருக்கும். பக்கத்தில் மனைவி. எத்தனை நாளாக என்று கேட்டேன். இரண்டு மாதம் என்றார் மனைவி. கோடையில் எங்கே போனீர்கள் என்று கேட்டேன். இருவரும் என்னை ஒரு மாதிரிப் பார்த்தார்கள். ஏரிக்கரையில் முதலாளியின் பழைய படகுக் கொட்டிலைப் பிரித்துக் கொடுத்தாராம். நான் நோயின் பெயரை எழுதிக் கொடுத்து, அவர்களோடு உள்ளேயும் போனேன். டொக்டர் என்னைப் பார்த்து, நீங்கள் இவருக்கு என்ன முறை என்று கேட்டார். ஒரு முறையும் இல்லை என்றேன். சொல்லவேண்டியதைச் சொல்லி, அவர் சோதனைக்கு எழுதும்வரை எழும்பாமல் இருந்தேன்.

இரண்டு கிழமை கழித்து அந்த மனைவி போன் எடுத்தார். பங்கசு இல்லையாம். வேறு கிருமியாம். மருந்தை மாற்ற, காய்ச்சல் விட்டு இப்போது வேலைக்கும் போகிறாராம். "எங்களைச் சும்மா பயப்படுத்திப்போட்டியள் அக்கா" என்று சிரித்தார். "ஓம் தங்கச்சி, பிழைவிட்டிட்டன்" என்றேன். நான் பிழைவிட்டேன், அவர் பிழைத்துக்கொண்டார். எனக்கு வெட்கமே வரவில்லை.

இனியும் யாராவது மாதக்கணக்கில் இருமினால், கோடையில் எங்கே போனீர்கள் என்று கேட்பேன். கோயிலிலும் கேட்பேன், லிப்டிலும் கேட்பேன், விசர் மனிசி என்று சொன்னாலும் கேட்பேன். நூறு தரம் பிழைவிட்டாலும் கேட்பேன். உன்னிடம் ஒருவரும் கேட்கவில்லை.