நடிக்காத கிழவி

ஜுல்ஃபா, இஸ்ஃபஹான்
3 மே 1963

அன்புள்ள தம்பி கார்னிக்,

நலமா? ஒரு மாதமாக உன்னிடமிருந்து ஒரு வரி இல்லை. நேற்று உன் புதுப் படம் பார்த்தோம். காபரே ஆட்டம், மல்யுத்தம், செய்திப்படம் என்று எதைக் கொடுத்தாலும் கேமராவில் எடுப்பவன் நீ. ஆனால் கதாநாயகனின் தாயாக வந்து, இடிந்த வீட்டில் வெறுங்கையால் மண்ணைத் தோண்டுகிறாளே ஒரு கிழவி, அவள்தான் படமே! அரங்கமே அழுதது. யார் அந்த நடிகை?

பிஸ்தா மிட்டாய் அனுப்பியிருக்கிறேன். ஒரே நாளில் தின்றுவிடாதே.

அக்கா ஷூஷான்

தெஹ்ரான்
11 மே

அன்புள்ள அக்கா,

நீ எழுதிய பிறகுதான் அந்தப் படத்துக்குப் போனேன். கிழவி வந்ததுமே எழுந்து வந்துவிட்டேன். அவள் நடிகை அல்ல. சென்ற ஆண்டு கஸ்வின் பக்கம் நிலம் நடுங்கியபோது செய்திப்படத்துக்காக நான் எடுத்தது. பெயர் கோல்தஸ்தே. மகளைத் தேடித் தோண்டிக்கொண்டிருந்தாள்; மகள் பிழைக்கவில்லை. "இதைப் பார்த்தா கூடாரம் அனுப்புவாங்கம்மா" என்று சொல்லித்தான் கேமராவை வைத்தேன். அந்தச் சுருளை அதிகாரிகளுக்குக் காட்டுவதாக வாங்கிப்போன தயாரிப்பாளர், பாட்டைப் போட்டுப் படத்தில் ஒட்டிவிட்டார்.

போய்க் கேட்டேன். வெள்ளரிக்காயைக் கடித்துக்கொண்டே, "சனங்களுக்கு அழுகை வேணும், மூசியோ கார்னிக். எவ அழுதா என்னய்யா? அடுத்தது கலர் படம், நீதான் எடுக்கிறே" என்றார். வாசலுக்கு வந்து வாந்தி எடுத்தேன்.

கார்னிக்

ஜுல்ஃபா
18 மே

தம்பி,

கோபத்தில் வேலையை விட்டுவிடாதே. கலர் படம் எல்லாருக்கும் கிடைக்காது. அந்த அம்மாளை நேரில் பார்த்து மன்னிப்புக் கேள். உன் மனம் ஆறும்.

ஷூஷான்

தெஹ்ரான்
29 மே

அக்கா,

போனேன். கோல்தஸ்தே இன்னும் கிழிந்த சாக்குக்குக் கீழேதான் இருக்கிறாள். படத்தில் அவளைக் காட்டுவதைச் சொல்லிவிட்டு, திட்டுவாள் என்று நின்றேன். "எம்பொண்ணு போட்டோகூட எங்கிட்ட இல்லப்பா. அதுல அவ தெரியறாளா? என்னையக் கூட்டிட்டுப் போ" என்றாள்.

கஸ்வினில் கொட்டகை நிறைந்திருந்தது. பாட்டு எழுந்தது. திரையில் அவள் தோண்டினாள். தோண்டிய இடத்துக்கு இரண்டு முழம் தள்ளி, ஓரத்தில், மண்ணுக்கு வெளியே ஒரு கை. அதன் விரல்கள் ஒருமுறை மடங்கி விரிந்தன. சுற்றிலும் எல்லாரும் மூக்கைச் சிந்திக்கொண்டிருந்தார்கள்.

"அன்னிக்கு நீ இதப் பாத்தியா?" என்று கேட்டாள்.

அன்றைக்கே கையைப் பார்த்தேன், அக்கா. செத்த கை என்று நினைத்துக்கொண்டேன். புழுதியில் வெளிச்சம் அத்தனை அழகாக விழுந்திருந்தது. சுருள் முடியட்டும், பிறகு சொல்லலாம் என்றிருந்தேன்.

"பாத்தேன்" என்றேன்.

முக்காட்டை இழுத்துக்கொண்டு, என்மேல் படாமல் ஒதுங்கி வெளியே போனாள்.

தயாரிப்பாளரைப் பார்த்தா நான் வாந்தி எடுத்தேன்? நீ சமாதானம் சொல்லி எழுதுவாய். வேண்டாம், எழுதாதே.

கார்னிக்