மைக்கை அணைத்தவர்கள் வைத்த பேனர்

என் அரசி அக்கா, என் சண்டைக்காரி அக்கா,

நீ போன சேதி பத்திரிகையில் வந்ததும், நேற்று ஊர்ப் பஞ்சாயத்தார் உனக்கு அஞ்சலிக் கூட்டம் நடத்தினார்கள். ஊர் முகப்பில் இரண்டு ஆள் உயரத்துக்குப் பேனர். "கடலோர மக்களின் குரல், நம் மண்ணின் மகள்" என்று எழுதி, கீழே பஞ்சாயத்தார் பெயர்களை வரிசையாகப் போட்டிருந்தார்கள். முதல் பெயர் தலைவருடையது. எனக்கு அழுகை வரவில்லை அக்கா. ஏறிக் கிழித்துப் போடலாமா என்றுதான் தோன்றியது.

நீ யார் என்று அவர்களுக்கு என்ன தெரியும்? அம்மா காரைக்கால்மேட்டு ஏலத்தில் மீன் எடுத்து, சுரக்குடி வரைக்கும் கூடை சுமந்து விற்றுப் படிக்க வைத்த பெண் நீ. புதுச்சேரியில் இதழியல் படித்தாய். சென்னையில் அவ்வளவு பெரிய கம்பெனியின் செய்தித் தொடர்புத் துறையில் கடைசி மேசையில் சேர்ந்து, அந்தத் துறையின் தலைமை வரைக்கும் வந்தாய்.

சேர்ந்த முதல் வாரமே ஒருத்தர் கேட்டாராம், "குப்பத்துலேர்ந்தா வர்றீங்க? பேச்சுல தெரியவே இல்லையே!" பாராட்டுகிறாராம். "என்ன சார் தெரியணும்?" என்று நீ திருப்பிக் கேட்டாய். கம்பெனி இதழின் முதல் பக்கத்தில் உன் படம் வேண்டும் அவர்களுக்கு. எங்களிடம் எல்லோருக்கும் இடம் உண்டு என்று ஊருக்குக் காட்ட. முடிவெடுக்கிற கூட்டம் என்றால் மட்டும் உன்னை வெளியே உட்கார வைப்பார்கள். இதையெல்லாம் நீ சிரித்துக்கொண்டே சொல்வாய். எப்படி அக்கா சிரித்தாய்?

அப்புறம் அந்தப் புயல். தலைவரின் படகு நாலு பேரோடு கடலுக்குப் போனது. முருகையன் அண்ணன் ஒருத்தர்தான் உயிரோடு கரை சேர்ந்தார். திரும்பாத மூன்று பேரில் ஒருத்தர் சித்ராவின் புருஷன். பள்ளியில் உன்னோடு ஒரே பெஞ்சில் உட்கார்ந்த சித்ரா.

உன் கம்பெனி ஊருக்கு அரிசி மூட்டை அனுப்பியது. கூடவே ஒரு கேமராக்காரரையும் அனுப்பியது. சித்ரா அழுகிற படம்தான் கம்பெனி இதழின் அட்டையில் வரவேண்டும் என்று உன் மேலதிகாரி சொன்னார். "அவகிட்ட கேட்டீங்களா?" என்றாய். "அரிசி வாங்கிக்கிட்டாங்கல்ல?" என்றார். அன்றைக்கே ராஜினாமா எழுதிக் கொடுத்துவிட்டு, ஒரு பெட்டியோடு காரைக்கால் பஸ் ஸ்டாண்டில் வந்து இறங்கினாய்.

உன்னைக் கூப்பிட வந்த நான் என்ன சொன்னேன்? "உனக்குப் பைத்தியமா? பத்து வருஷ உழைப்பு போச்சே!" என்று பஸ் ஸ்டாண்டிலேயே கத்தினேன். நீ பெட்டியை என் கையில் கொடுத்தாய். அதை நினைத்தால் இன்றைக்கும் என் மேலேயே எனக்கு ஆத்திரம் வருகிறது.

"காற்றழுத்தத் தாழ்வு மண்டலம்னா நம்ம ஆளுக்கு என்னடி புரியும்?" என்று கேட்டுவிட்டு, தினமும் காலையில் வானிலை அறிக்கையை நம் பேச்சில் போனில் நீயே பேசிப் பதிந்து எல்லாருக்கும் அனுப்ப ஆரம்பித்தாய். "வாடைக் காத்து முறுக்குது, அலை பெருசா வரும். இன்னைக்கு யாரும் போவாதீங்க." அவ்வளவுதான். திருவேட்டக்குடி வரைக்கும் அந்தக் குரலைக் கேட்டுவிட்டுத்தான் படகை இறக்கினார்கள்.

அதுவரை உன்னைத் தலையில் வைத்து ஆடினார்கள். சித்ராவுக்காக நீ வாய் திறந்ததும் கதை மாறியது. உடல் கிடைக்கவில்லை, அதனால் இறப்புச் சான்றும் கிடையாது நிவாரணமும் கிடையாது, காணாமல் போனவர் இறந்ததாகக் கணக்கில் வைக்க ஏழு வருஷம் போகட்டும் என்று அலுவலகத்தில் அனுப்பிவிட்டார்கள். பார்த்த சாட்சி எழுதிக் கொடுத்தால் மேலே அனுப்பிப் பார்க்கலாம் என்று ஒரு அதிகாரி சொன்னார். சாட்சி முருகையன் அண்ணன். அவர் எழுதினால், புயல் எச்சரிக்கை வந்த பிறகும் தலைவர்தான் படகை அனுப்பினார் என்பதும் அதில் வரும்.

அவரைச் சாட்சி எழுத விடச் சொல்லிக் கேட்கத்தான் நீ சித்ராவோடு பஞ்சாயத்துக்குப் போனாய். பொம்பளைகள் பேசக்கூடாத இடம் அது. நீ மைக்கைப் பிடித்து ஒரு வார்த்தைதான் பேசினாய், தலைவர் கை காட்டினார், மைக் அணைந்தது. "பட்டணத்துத் திமிரை இங்க காட்டாத. பொம்பளைங்களா இருந்தா வீட்டோட இருங்க" என்றார். "புருஷன் செத்தானா இல்லையான்னு வீட்டுக்குள்ள யாருங்க வந்து சொல்லுவா?" என்று நீ வெறும் தொண்டையில் கேட்டாய். அதற்குத் தண்டனையாக நம் வீட்டோடு யாரும் பேசக்கூடாது என்று ஊர்க்கட்டுப்பாடு. அப்பாவை எந்தப் படகிலும் ஏற்றவில்லை. அவர் உன்னை ஒரு சொல் சொல்லவில்லை.

உன் மேலேயும் எனக்குக் கோபம் உண்டு அக்கா. ஊருக்கெல்லாம் சேதி சொன்னவள், மார்பில் இருந்த கட்டியை மட்டும், அது உன்னைக் கொண்டுபோகிற வரைக்கும், எங்களிடம் ஏன் மறைத்தாய்? மனு எழுதவும் அலுவலகம் ஏறி இறங்கவும் நேரம் இருந்தது, டாக்டரிடம் போக இல்லையா? நான் கத்துவேன் என்று பயந்தாயா? கத்தியிருப்பேன்தான். கத்திக்கொண்டே தூக்கிக்கொண்டு போயிருப்பேனே!

நேற்று நான் மேடை ஏறும்போது தலைவர் காதோரம் சொன்னார், "மலரு, நாலு நல்ல வார்த்தை சொல்லிட்டு எறங்கிடும்மா. பழசெல்லாம் கிளற வேணாம்."

"அக்கா செஞ்சது எல்லாமே அந்தப் பழசுதாங்க" என்றேன். அத்தனையும் சொன்னேன். யாருடைய படகு, யார் அனுப்பியது, யார் மைக்கை அணைத்தது, நம் வீட்டுக்கு யார் கட்டுப்பாடு போட்டது, எல்லாம். நடுவில் நிறுத்தவில்லை. முன்வரிசையில் பத்திரிகைக்காரர்கள் இருந்ததால் யாரும் என் மேல் கை வைக்கவில்லை. கூட்டத்தில் சித்ரா எழுந்து நின்றாள். அவளைப் பார்த்து, கடலில் போன மற்ற இருவரின் மனைவிகளும் எழுந்தார்கள். கூட்டம் முடியும்வரை மூன்று பேரும் உட்காரவில்லை. தலைவர் பாதியிலேயே கிளம்பிவிட்டார்.

இன்று காலை முருகையன் அண்ணன் வாசலில் வந்து நின்றார். "எங்க கையெழுத்துப் போடணும்மா?" என்றார்.

"அக்கா மூணு தடவை உங்க வீட்டுக்கு வந்துச்சே. அப்ப ஏண்ணே போடல?"

"பயந்துட்டேன்மா. அவரு படகுலதான் என் பொழப்பே. நேத்து சித்ரா நின்னுக்கிட்டே இருந்துச்சு, என்னால அங்க உட்கார முடியல."

நடந்ததை அவர் சொல்லச் சொல்ல நான் எழுதினேன். அலை அடித்தது, மூன்று பேரும் கண்ணெதிரே மூழ்கியது, எச்சரிக்கையைக் கேட்டும் தலைவர் போகச் சொன்னது, எதையும் விடவில்லை. படித்துக் காட்டினேன். கையெழுத்துப் போட்டுவிட்டுக் கிளம்பினார். நான் ஒரு வாய் டீகூடக் கொடுக்கவில்லை. நீ இருந்திருந்தால் கொடுத்திருப்பாய். என்னால் முடியவில்லை அக்கா. இந்த ஒரு கையெழுத்துக்காக நீ எத்தனை நாள் அலைந்தாய்!

திங்கட்கிழமை சித்ராவையும் மற்ற இரண்டு பேரையும் கூட்டிக்கொண்டு அலுவலகம் போகிறேன். நாளைக்கு வா என்றால் நாளைக்கும் போவேன். மூன்று பேர் கையிலும் சான்று வரும்வரை ஓயமாட்டேன், இது சத்தியம். அதுவரை இந்த ஊரில் ஒருத்தரையும் மன்னிக்கிறதாக இல்லை. உன்னையும் சேர்த்துத்தான்.

உன்னோடு சண்டை போட இனி ஆள் இல்லாத,
உன் தங்கச்சி மலர்