முதுகு காட்டி நின்றவருக்கு

அம்மா,

நேற்று மாலை மின்னி பே சாலையில் ஒரு கல்யாண ஊர்வலம் போயிற்று. வடக்கத்தி மாப்பிள்ளை. ஜரிகைத் தலைப்பாகையோடு வெள்ளைக் குதிரைமேல் உட்கார்ந்திருந்தான். பேண்டு வாத்தியம், பட்டாசு, எல்லார் கையிலும் செல்போன். நான் பால் வாங்கிக்கொண்டு வீட்டுக்குத் திரும்பிக்கொண்டிருந்தேன். குதிரை பக்கத்தில் வந்தபோது அந்த வாடை வந்தது. வியர்வையும் ஈரப்புல்லும் தோல்வாரும் கலந்த வாடை. உங்கள் சேலையில் எப்போதும் இருந்தது. என்னையறியாமல் குதிரைக்கு முதுகைக் காட்டி, மதில் சுவரைப் பார்த்தபடி நின்றுவிட்டேன். ஊர்வலத்தில் வந்த ஒரு பெண் என் தோளைத் தொட்டு, "டர் லக்தா ஹை க்யா, அங்கிள்?" என்றாள். பயமாக இருக்கிறதா என்று கேட்கிறாள். ஆமாம் என்று தலையாட்டினேன். வேறு விதமாக விளக்க எனக்கு வரவில்லை.

சுனாமிக்குப் பிறகு எங்கள் பள்ளிக்கூடம் முகாமாக மாறியதும், எந்த வகுப்பறையில் எந்தக் குடும்பம் என்று பிரித்துவிடும் வேலை கணக்கு வாத்தியாரான எனக்கு வந்ததும் உங்களுக்கு நினைவிருக்கும். நிக்கோபார் பக்கத்துக் கச்சால் தீவிலிருந்து வந்தவர்கள் கையில் கிடைத்ததை அணைத்துக்கொண்டு வந்தார்கள். ஒருவர் தையல் மிஷினின் தலையை மட்டும் சுமந்து வந்தார். உங்கள் கையில் ஒரு குதிரையின் தலைக்கயிறு இருந்தது. வேறு சாமான் உண்டா என்று கேட்டேன். "இதுக்குள்ள ஒரு தலை இருந்துச்சு சார்" என்றீர்கள். எனக்குப் புரியவில்லை. இருந்தாலும் புரிந்ததுபோல் தலையாட்டினேன். என் பழக்கம் அது.

பிறகு கொஞ்சம் கொஞ்சமாகத் தெரிந்துகொண்டேன். இலங்கை மலைத்தோட்டத்தில் உங்கள் அப்பா தொரையின் குதிரைகளைப் பார்த்துக்கொண்டவர். நாடு திரும்பிய குடும்பங்களோடு உங்களையும் கச்சாலில் ரப்பர் பால் வெட்டும் வேலைக்குக் குடியமர்த்தினார்கள். தூரத்துக் காட்டிலிருந்து பால் டின்களைச் சுமந்து வர அங்கே ஒரு மட்டக்குதிரை இருந்தது. சேற்றில் கால்வைக்க மாட்டேன் என்று அடம்பிடிக்கும் பெண்குதிரை. அதனால் அதற்குத் தொரசானி என்று பெயர் வைத்தீர்கள். அலை வந்த காலையில் நீங்களும் அதுவும் மேட்டுக்காட்டில் இருந்ததால் பிழைத்தீர்கள். கீழே தொழிலாளர் லயத்தில் இருந்த உங்கள் தங்கையின் குடும்பம் பிழைக்கவில்லை. மீட்க வந்த படகில் மனிதர்களுக்கே இடம் போதவில்லை. கிளையில் மாட்டிக்கொள்ளக் கூடாதென்று கயிற்றைக் கழற்றி எடுத்துக்கொண்டு, குதிரையை விட்டுவிட்டு ஏறினீர்கள். கரையில் அது படகுக்கு நேராகக் கொஞ்ச தூரம் நடந்து வந்ததாம்.

முகாமில் நீங்கள் தங்கையைப் பற்றிப் பேசவேயில்லை. குதிரையைப் பற்றியே பேசினீர்கள். குழாயடியில் ஒரு அம்மாள் உங்கள் காதில் விழும்படியே சொன்னார்: "கூடப்பொறந்தவளுக்கு ஒரு சொட்டுக் கண்ணீர் இல்ல. குதிரைக்கு ஒப்பாரி வைக்குது." நீங்கள் குடத்தை நிமிர்த்தி வைத்துவிட்டுச் சொன்னீர்கள்: "தங்கச்சிய தண்ணி கொண்டுபோச்சு. குதிரைய நான்தானே விட்டுட்டு வந்தேன்."

பத்துபஸ்தியில் உங்கள் அண்ணன் வீட்டுக்கு நீங்கள் போன பிறகுதான் இந்த ஊருக்கு உங்கள் வைத்தியம் தெரிந்தது. கடற்கரையில் சுற்றுலாக்காரர்களை ஏற்றிச் சுற்றும் மட்டக்குதிரைகள் அலைக்குப் பிறகு தண்ணீர்ப் பக்கமே போக மறுத்தன; இழுத்தால் உதைத்தன. குதிரைக்காரர் பாண்டி, இராமநாதபுரத்துக்காரர், உங்களிடம் வந்தார். என்னையும் துணைக்கு அழைத்துப்போனீர்கள்.

"ஒரு சூயி போட்டு விடுங்கம்மா. ஜல்தியா சரியாயிரும்."

"ஊசி ஒனக்குத்தான் போடணும். தூரத்துல வரும்போதே கத்திக்கிட்டு வர்ற. அது ஒதைக்காம என்ன செய்யும்? ஒரு வாரத்துக்கு அது முன்னால வாயத் தொறக்காத."

"அப்ப சவாரிக்கு ஆளக் கூப்புடறது எப்புடி?"

"அந்தாண்ட போயிக் கூப்புடு."

"எம் பொண்டாட்டிகூட இப்படிச் சொன்னதில்லம்மா."

"அவளும் ஒதைச்சா எங்கிட்ட கூட்டிட்டு வா."

பாண்டி வாயை மூடினார். நீங்கள் தினமும் போய் அவர் குதிரைக்கு முதுகைக் காட்டி நின்றீர்கள். மருந்து இல்லை, தீனி இல்லை, தடவிக்கொடுப்பதும் இல்லை. அது தானாக வந்து மூக்கால் முதுகைத் தொடும்வரை திரும்பவே கூடாது; கூட இருப்பவர் பேசவும் கூடாது. ஏன் என்று கேட்டேன். "முன்னால கண்ணு இருக்கு, பல்லு இருக்கு, கையி இருக்கு. முதுகுல என்னா இருக்கு? அதப் பாத்தா யாருக்கும் பயம் வராது சார்" என்றீர்கள். காய்ச்சல், புண் என்றால் நீங்களே கால்நடை ஆஸ்பத்திரிக்கு அனுப்பிவிடுவீர்கள். பயத்துக்கு மட்டும்தான் உங்கள் வைத்தியம். சிலர் சிரித்தார்கள். குதிரைகள் மறுபடி அலையோரம் நடந்தன.

இதையெல்லாம் எழுதுங்கள் என்று நான்தான் சொன்னேன். தோட்டத்துப் பள்ளியில் ஐந்தாவது வரை படித்த நீங்கள், என்னிடமிருந்த பழைய பரீட்சைத் தாள்களின் பின்பக்கத்தில் எழுத ஆரம்பித்தீர்கள். குதிரைக்கு ஓர் அத்தியாயம். பேசுவதுபோலவே எழுதினீர்கள். நான் பிரதி எடுத்து, ஒற்றுப்பிழை திருத்தி, வரிசைப்படுத்தித் தந்தேன். ஒவ்வொன்றையும் தந்துவிட்டு என் முகத்தைப் பார்ப்பீர்கள்.

"நல்லா இருக்கு" என்பேன்.

"எது நல்லா இருக்கு?"

"எல்லாமே."

ஒரு நிமிடம் பார்த்துவிட்டுத் தாளை மடித்துக்கொள்வீர்கள். பாதி உண்மையாகவே நன்றாக இருந்தன. சில நீளமாக இருந்தன. பந்தயக் குதிரை அத்தியாயத்தில் ஒரே விஷயம் திரும்பத் திரும்ப வந்தது. யார் மனதும் நோகக் கூடாது என்று எல்லாவற்றுக்கும் ஒரே பதிலைச் சொல்லி வந்தேன். உங்கள் அண்ணி போட்ட கசந்த காபிக்கும் அதே பதில்தான். இத்தனை வருடம் பிள்ளைகளுக்கு மதிப்பெண் போட்டவன், பெரியவர்களுக்கு என்று வந்தால் எல்லாருக்கும் நூற்றுக்கு நூறு போட்டுவிடுவேன்.

கடைசி அத்தியாயம் மட்டும் எழுதப்படாமல் நின்றது. தொரசானியைப் பற்றி என்ன எழுத முடியும் என்று இருந்தீர்கள். அப்போதுதான் கச்சாலுக்கு வேலைக்குத் திரும்பிப் போயிருந்த உங்கள் அண்ணன் மகன் மருதை போன் செய்தான். "அத்த, ஒங்க குதிரைய மேட்டுக்காட்டுல பாத்தேன். ஆளக் கண்டா ஓடுது." நீங்கள் போனை வைத்துவிட்டுத் தலைக்கயிற்றை எடுத்து மடியில் வைத்துக்கொண்டீர்கள். பிறகு என்னிடம் கேட்டீர்கள்: "விட்டுட்டு வந்தவள அது கிட்ட சேக்குமா சார்?" சேர்க்கும், கட்டாயம் சேர்க்கும் என்றேன். எனக்கு என்ன தெரியும்? வாயில் வந்ததைச் சொன்னேன்.

அனுமதி வாங்கிக் கப்பலேற மழைக்காலம் முடிய வேண்டியிருந்தது. உங்களுக்கு அப்போதே மூச்சு வாங்கும். அண்ணனுக்கு முட்டிவலி என்பதால் துணைக்கு நான் வந்தேன். வழியெல்லாம் நான் வாந்தி எடுத்துக்கொண்டு படுத்திருக்க, எலுமிச்சம்பழத்தைக் கீறி என் மூக்கில் வைத்தது நீங்கள். "சாருதான் எனக்குத் தொணையாம்" என்று பக்கத்துப் படுக்கை நிக்கோபாரிக் கிழவியிடம் இந்தியில் சொல்லிச் சிரித்தீர்கள். அவரும் சிரித்தார். ராத்திரி அவருக்கு ஒரு பாட்டும் பாடிக் காட்டினீர்கள்.

மேட்டுக்காட்டில் பராமரிப்பில்லாத ரப்பர் மரங்கள். தரை தெரியாமல் சருகு. முந்தின நாள் பெய்த திடீர் மழையில் நனைந்து மெத்தைபோல் கிடந்தது. மருதை வழி காட்டிவிட்டு, ஆள் கூட்டம் வேண்டாம் என்று கீழே போய்விட்டான். நீங்கள் கயிற்றை என்னிடம் தந்தீர்கள். கயிற்றோடு நின்றால் பிடிக்க வந்ததாக நினைத்துக்கொள்ளுமாம். என்னை ஒரு மரத்தடியில் உட்காரவைத்து, "என்ன நடந்தாலும் வாயத் தொறக்காதீங்க" என்றீர்கள். காட்டுக்கு முதுகைக் காட்டி, கடலைப் பார்த்து நின்றீர்கள். கடற்காற்று உங்கள் முகத்துக்கு நேராக அடித்தது. அலைச் சத்தத்தில் வேறு எதுவும் கேட்கவில்லை.

எவ்வளவு நேரம் என்று எனக்குத் தெரியாது. கடிகாரம் பார்க்கத் தோன்றவில்லை. மரங்களுக்கிடையில் ஒரு பழுப்பு நிறம் அசைந்தது.

அது வந்தது, அம்மா. பிடரி சடைபிடித்து, விலா எலும்பு தெரிய, நெற்றியில் நீங்கள் சொன்ன அதே வெள்ளைப் பொட்டோடு வந்தது. ஓர் அடி வைக்கும், நிற்கும். ஓரிடத்தில் குட்டைபோல் தண்ணீர் தேங்கியிருந்தது. அதைச் சுற்றிக்கொண்டு வந்தது, சேற்றில் கால்வைக்கவில்லை. உங்களுக்குப் பின்னால் ஒரு கட்டில் நீள தூரத்தில் வந்து நின்று, கழுத்தை நீட்டி மோந்தது. காற்றில் உங்கள் முந்தானை அதன் பக்கமாகப் பறந்துகொண்டிருந்தது. அதையே பார்த்துக்கொண்டு நின்றது. சொல்லிவிடலாம் என்று நாக்குவரை வந்தது. சொன்னால் ஓடிவிடும், நீங்களும் மன்னிக்க மாட்டீர்கள். தொடப்போகிறது என்றுதான் நினைத்தேன். தொடவில்லை. பிறகு அவசரமில்லாமல் திரும்பி, வந்த வழியே நடந்து போயிற்று.

வெயில் இறங்கிய பின்தான் நீங்கள் அசைந்தீர்கள். திரும்பி என்னைப் பார்த்தீர்கள்.

"வந்துச்சா சார்?"

"வந்தது."

"எங்க வரைக்கும்?"

காட்டினேன். அங்கே போய்க் குனிந்து பார்த்தீர்கள். நானும் பார்த்தேன். நனைந்த சருகு எந்தத் தடத்தையும் வைத்திருக்கவில்லை. நீங்கள் நிமிர்ந்து என்னைப் பார்த்த பார்வையில் கோபம் இல்லை. கசந்த காபியை நல்லா இருக்கு என்று நான் சொன்னபோது அண்ணி பார்த்த பார்வை அது.

"நீங்க எதத்தான் சார் நல்லா இல்லன்னு சொல்லியிருக்கீங்க" என்று சொல்லிக் கயிற்றை வாங்கிக்கொண்டீர்கள்.

அடுத்த நாளே கப்பல். மறுபடி போக உங்கள் உடம்பு இடம்கொடுக்கவில்லை. கடைசி அத்தியாயத்தை ஒரே மூச்சில் எழுதினீர்கள். 'அது வரல. வரணும்கிற கட்டாயமும் அதுக்கு இல்ல' என்று முடித்தீர்கள். மெயின்லேண்டில் புத்தகம் வந்ததும் அதைப் பற்றி எழுதியவர்கள் எல்லாரும் அந்த முடிவைத்தான் புகழ்ந்தார்கள். இவ்வளவு நேர்மையான முடிவைப் படித்ததில்லை என்று ஒருவர் எழுதியிருந்தார். அச்சுக்கு முன் பிழை பார்த்தவன் நான். அந்த வரியில் பிழை எதுவும் இல்லை. பென்சிலை வைத்துக்கொண்டு ஒரு பொழுது உட்கார்ந்திருந்தேன். புத்தகம் உங்களுடையது.

இன்னும் ஒரு முறை நேரில் சொன்னேன். நீங்கள் படுக்கையில் இருந்த நாட்கள். "அம்மா, நிஜமாகவே வந்தது" என்றேன். "வந்துச்சு, வந்துச்சு. டீ ஆறுது, குடிங்க" என்றீர்கள். என்னைத் தேற்றுவதுபோல என் கையைத் தட்டிக்கொடுத்தீர்கள்.

நீங்கள் போன பிறகு ஒன்றைச் செய்து பார்த்தேன். என் மருமகளிடம் குழம்பில் உப்பு அதிகம் என்று சொன்னேன். அவள் கரண்டியோடு அப்படியே நின்றுவிட்டாள். அடுத்த வாரம் ரசம் நல்லா இருக்கு என்றபோது அவள் முகம் மலர்ந்ததைப் பார்த்தேன். அதே வார்த்தைதான். அதற்குள் இப்போது ஏதோ இருக்கிறது. உங்களிடம் ஒரே ஒரு அத்தியாயத்தை நீளம் என்று சொல்லியிருந்தால் போதும் என்று அன்று நினைத்தேன். ஆகவே இப்போது சொல்கிறேன்: பந்தயக் குதிரை அத்தியாயம் நீளம். அண்ணியின் காபி கசப்பு. கப்பலில் நீங்கள் பாடிய பாட்டில் சுதி சேரவில்லை.

தொரசானி வந்தது.