ரேடியோ வரைந்தது

மார்ச் 3, ஞாயிறு

சாப்பிட்ட பாத்திரங்களை அப்படியே போட்டுவிட்டு மூன்று மணிக்கு அறையைத் திறந்தேன். "இந்த வயசுல என்னம்மா படம் போட்டு வெளையாட்டு?" என்று மாமியார் முணுமுணுத்தார். காதில் போட்டுக்கொள்ளவில்லை.

அறை என்றால் போனுக்குள் இருக்கிற அறை. திரையில் வரும் சொற்களில் ஒன்றைத் தொட்டுவிட்டு ஒருத்தி அதைப் படமாக வரைவாள், மற்றவர்கள் அது என்னவென்று தட்டவேண்டும். முதலில் தட்டுகிறவளுக்குப் புள்ளி அதிகம். லிங்க் இருந்தால்தான் உள்ளே வரமுடியும். லிங்க் அனுப்புவதும் நான், சொற்களைப் போட்டு வைப்பதும் நான். எவனோ வேற்று மொழிக்காரன் செய்த விளையாட்டு போலிருக்கிறது, நம் எழுத்தின் காலையும் கொம்பையும் தனித்தனியாக எண்ணுகிறது. கடை என்று போட்டால் எழுத்துக்கு ஒன்றாக இரண்டு கோடு காட்டாமல் மூன்று காட்டுகிறது. இதற்கு மேல்முறையீடு செய்யப்போவதாக எங்கள் கூட்டத்து வக்கீல் சொல்லிக்கொண்டிருக்கிறாள்.

நாங்கள் நாலு பேர், ஹாஸ்டலில் ஒரே அறையில் கிடந்தவர்கள். ஒட்டடைக்குச்சி மாதிரி இருந்தவள் ஒட்டடை, இப்போது நன்றாகப் பெருத்துப்போய் வங்கியில் இருக்கிறாள். வக்கீல் அப்போதே எதற்கெடுத்தாலும் வாதாடுவாள், பிறகு நிஜமாகவே வக்கீலாகித் தொலைத்தாள். நான் கண்ணாடிக்கடையில் லென்ஸ் தேய்க்கிறேன். நாலாவது ரேடியோ. வாயை மூடவே மாட்டாள் என்று நான்தான் அந்தப் பெயரை வைத்தேன். போன வருஷம் அவள் மூளையில் கட்டி என்று ஆபரேஷன் செய்தார்கள். அதிலிருந்து பேச்சு கொஞ்சம் கொஞ்சமாகப் போய்க்கொண்டிருக்கிறது. பொருள் தெரிகிறது, பெயர் வரமாட்டேன் என்கிறது. போனில் பேசினால் பாதியில் அழுதுவிடுகிறாள். படம் வரைய வாய் வேண்டாமே என்றுதான் இதை ஆரம்பித்தேன்.

இன்றும் அவள்தான் முதல் இடம். நான் கொஞ்சம் விட்டுக்கொடுத்தேன். தப்பில்லை.

மார்ச் 10, ஞாயிறு

எரிச்சல். என்மேலேயே.

வக்கீல் குடை வரைந்தாள். மழை, வளைந்த கைப்பிடி, கம்பி எல்லாம் போட்டாள். பச்சைக் குழந்தைகூடச் சொல்லிவிடும். ரேடியோ முதலில் தட்டட்டும் என்று நான் சும்மா இருந்தேன். ஒட்டடையும் சும்மா இருந்தாள். ரேடியோவுக்குப் பெயர் வரவில்லை. நேரம் முடிந்து விளையாட்டே விடையைக் காட்டியது. குடை. ஒருவருக்கும் புள்ளி இல்லை.

பிறகு ரேடியோ தட்டினாள், ஒவ்வொரு எழுத்தாகத் தேடியிருக்கவேண்டும். "குடை தெரியாதா பொய்." அவ்வளவுதான், வெளியே போய்விட்டாள்.

ஒட்டடையைக் கூப்பிட்டேன்.

"நீ ஏன்டி தட்டல?"

"நீ ஏன்டி தட்டல?"

மூன்று பேரும் ஒருவருக்கொருவர் சொல்லாமலே அவளை ஜெயிக்க வைத்துக்கொண்டிருந்திருக்கிறோம். எங்களைப் போல முட்டாள்கள் எங்காவது உண்டா?

மார்ச் 11, திங்கள்

ரேடியோவின் கணவரிடமிருந்து செய்தி. "சுவத்தப் பாத்துப் படுத்திருக்கா. என்னம்மா ஆச்சு?"

மார்ச் 16, சனி

அண்ணனே கூப்பிட்டார். ரேடியோவின் கணவரை நாங்கள் எல்லோரும் அண்ணன் என்றுதான் சொல்வோம். போனை அவளிடம் கொடுத்தார். மூச்சுச் சத்தம் மட்டும் நெடுநேரம் கேட்டது. பிறகு, "நெஜமா... நெஜமா ஆடு" என்றாள். சத்தியம் செய்தேன். மற்ற இரண்டு பேரையும் சத்தியம் செய்யவைத்தேன். "சத்தியத்துக்குச் சட்டத்துல மதிப்பு இருக்குடி" என்றாள் வக்கீல், மூக்கை உறிஞ்சிக்கொண்டு.

மார்ச் 17, ஞாயிறு

ஈவு இரக்கமில்லாமல் ஆடினோம். கோடு போடுவதற்கு முன்பே தட்டினோம். ரேடியோ கடைசி. வயிறு குலுங்கச் சிரித்தாளாம், அண்ணன் சொன்னார். டேப்லெட்டை அவள் மடியில் நிறுத்திவிட்டு அவர் எழுந்து போய்விடுவார். அந்த ஒரு மணி நேரத்தில்தான் அவர் குளிப்பது, கடைக்குப் போவது எல்லாம். "வாரத்துல அந்த ஒரு நேரந்தாம்மா அவ என்னத் தேடாம இருக்கா. விட்றாதீங்க" என்றார்.

விடமாட்டேன்.

ஏப்ரல் 2, செவ்வாய்

கட்டி மறுபடி வளர்ந்திருக்கிறது. வலது கை தூக்க வரவில்லை. ஆஸ்பத்திரியில் சேர்த்திருக்கிறார்கள். புது மருந்து, பாட்டிலில் தொங்கவிட்டு நரம்பு வழியாக ஏற்றுகிறார்கள். செய்தியைப் படித்துவிட்டு லென்ஸ் தேய்த்தேன், இடதுகண் பவரை வலதுகண்ணுக்குத் தேய்த்துவிட்டேன். முதலாளி ஒன்றும் சொல்லவில்லை. திட்டியிருந்தால் நன்றாக இருந்திருக்கும்.

ஏப்ரல் 7, ஞாயிறு

இடது கையால் வரைகிறாள். வட்டம் போட்டால் உருளைக்கிழங்கு வருகிறது. தட்டுவது நின்றுபோய்விட்டது. எழுத்து அவளுக்கு இப்போது எழுத்தாகவே தெரியவில்லையாம். தன் முறை வந்தால் ஏதோ ஒரு சொல்லைத் தொட்டுவிட்டு எதையோ வரைகிறாள். நாங்கள் விடாமல் தட்டுகிறோம். நிஜமாக ஆடுவதாகச் சத்தியம் செய்திருக்கிறோமே.

ஏப்ரல் 21, ஞாயிறு

ரேடியோ இன்று வரைந்தது: நீளமாக ஒரு கம்பு, உச்சியில் கொக்கி, கொக்கியிலிருந்து கீழே தொங்கும் நூல், நூலின் முனையில் ஒரு குச்சி மனிதன்.

ஒட்டடை "தூண்டில்" என்று தட்டினாள். வக்கீல் "தெருவிளக்கு". நான் "கிணறு". எல்லாமே தப்பு என்றது விளையாட்டு. கடைசியில் விடை வந்தது. சீப்பு.

சிரித்தேன். மூன்று பேரும் சிரித்தோம். சீப்புக்கு ஏன்டி ஆளைத் தூக்கில் போட்டாய் என்று நான் தட்டினேன். அவளால் படிக்கமுடியாது என்பது தட்டிய பிறகுதான் உறைத்தது.

ஏப்ரல் 28, ஞாயிறு

அதே படம். இன்னும் பெரியதாக. வரைந்து முடித்துவிட்டுக் கம்பின் மேல் குறுக்கே இரண்டு கோடு கிழித்தாள். "உடைஞ்ச தூண்டில்" என்றாள் ஒட்டடை. விடை வாளி.

மூளை குழம்புகிறதோ? ஒரே படத்தைத் திரும்பத் திரும்பப் போடுகிறாளே. ராத்திரி சாப்பாடு இறங்கவில்லை. "என்னம்மா, தோத்துட்டியா?" என்று கேட்டார் மாமியார். ஆமாம் என்றேன்.

மே 5, ஞாயிறு

மூன்றாவது முறையும் அதுதான். கம்பு, கொக்கி, நூல், மனிதன், மேலே குறுக்குக் கோடு. இந்த முறை பக்கத்தில் ஒரு வீடு. ஒட்டடை "மீன்கடை" என்று தட்டினாள். அதற்குப் பிறகு ரேடியோ கறுப்பை எடுத்துத் திரை முழுக்கக் கிறுக்கினாள். நேரம் முடியும்வரை நிறுத்தவில்லை.

ஆஸ்பத்திரியில் மருந்து ஏற்றும்போது குழாயைப் பிடுங்குகிறாளாம். நோய் முற்றினால் இப்படி முரண்டு பிடிப்பார்கள் என்று டாக்டர் சொல்லியிருக்கிறார். அண்ணன் அவள் கையைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறார்.

லீவு போட்டுவிட்டேன். போய்ப் பார்க்கவேண்டும்.

மே 9, வியாழன்

எப்படி எழுதுவது.

காலை பஸ்ஸில் கிளம்பி மத்தியானம் போய்ச் சேர்ந்தேன். மூன்றாவது மாடி, ஜன்னலோரக் கட்டில். ரேடியோ தூங்கிக்கொண்டிருந்தாள். தலையில் முடி இல்லை. நான் வாசலிலேயே நின்றுவிட்டேன். ஜன்னல் வெளிச்சத்துக்கு முன்னால் மருந்து பாட்டில் தொங்கவிடும் அந்தக் கம்பி நின்றது. நீளக் கம்பு. உச்சியில் கொக்கி. கொக்கியிலிருந்து இறங்கும் குழாய். குழாயின் முனையில் அவள்.

தூண்டில் என்றோமே. கிணறு என்றேனே. பாவி, சிரிக்க வேற சிரிச்சேனே.

மூன்று வாரமாக அவள் விளையாடவே இல்லை. எனக்கு இது வேண்டாம், என்னை வீட்டுக்குக் கூட்டிப்போங்கள் என்று சொல்லிக்கொண்டிருந்திருக்கிறாள். நாங்கள் புள்ளிக்குப் பறந்துகொண்டிருந்தோம்.

அண்ணனை வராந்தாவுக்குக் கூட்டிப்போய்ச் சொன்னேன். முகத்தில் ஈயாடவில்லை. பிறகு கோபம் வந்தது.

"வெளையாட்டுப் படத்த வச்சு என் பொண்டாட்டி உசுர முடிவு பண்ணச் சொல்றீங்களா?"

"அப்படிச் சொல்லல அண்ணா. அவகிட்டயே கேளுங்க."

"கேக்காம இருப்பனா? மருந்து வேணுமான்னா ஆமாங்கறா. வேண்டாமான்னா அதுக்கும் ஆமாங்கறா. பேரு என்னன்னாலும் ஆமா. எந்த ஆமாவ நான் எடுத்துக்கறது?"

இந்த மருந்தால் இரண்டு மூன்று மாதம் கூடக் கிடைக்கலாம் என்று டாக்டர் சொன்னாராம். "அத வேண்டாம்னு சொல்ல நான் யாரும்மா?" என்றார். அவர் சட்டைப் பித்தானை மாற்றிப் போட்டிருந்தார். அதைக்கூடச் சொல்லத் தைரியம் வரவில்லை.

கிளம்பும்போது ரேடியோ விழித்தாள். அந்தக் கம்பியைக் காட்டினேன். கையால் குறுக்கே இரண்டு கோடு போட்டுக் காட்டினேன். என் கையை இழுத்துத் தன் கன்னத்தில் வைத்துக்கொண்டாள். பஸ்ஸில் ஊர் வந்து சேரும்வரை அழுதேன், பக்கத்துச் சீட்டுக்காரர் எழுந்து வேறு இடம் போய்விட்டார்.

மே 11, சனி

அண்ணனின் போனுக்கு லிங்க்கை அனுப்பினேன். "நான் சொல்றத நம்ப வேண்டாம் அண்ணா. அவ பக்கத்துல உக்காராம, வராந்தாவுல இருந்து நீங்களே உள்ள வந்து பாருங்க."

படித்துவிட்டார். பதில் இல்லை.

மே 12, ஞாயிறு

அண்ணன் வரவில்லை. ரேடியோ தன் முறையில் ஒரு கோடுகூடப் போடவில்லை. அவளும் விட்டுவிட்டாளா?

மே 19, ஞாயிறு

மூன்று மணிக்கு நாங்கள் மூவரும் ரேடியோவும் இருந்தோம். ஐந்தாவதாக ஒரு பெயர் வந்தது. "வீட்டுக்காரர்." மற்ற நாளாக இருந்தால் வக்கீல் கிண்டல் செய்தே கொன்றிருப்பாள். இன்று யாரும் மூச்சுவிடவில்லை.

ரேடியோவை முதலில் வரையவிட்டேன். அவர் உள்ளே இருப்பது அவளுக்குத் தெரியாது, பெயரைப் படிக்கத்தான் வராதே. சும்மா இருந்தாள். இன்றும் போட மாட்டாள் என்று நினைத்தேன். பிறகு மெதுவாக ஆரம்பித்தாள். கம்பு. கொக்கி. நூல்.

"ஊசி" என்று அவர் தட்டினார். தப்பு என்றது.

"ஆஸ்பத்திரி." தப்பு.

குறுக்குக் கோடு. இன்னொரு கோடு.

"வலிக்குதா." தப்பு.

வீடு. இன்று வீட்டுக்குள் ஒரு கட்டில் போட்டாள், கட்டிலில் மொட்டைத்தலையாக ஒரு குச்சி மனிதன். பக்கத்தில் இன்னொருவன், முடியோடு. கோணல்மாணலாகக் கோடு போட்டு அந்த இரண்டாவது மனிதனின் கையை இழுத்து முதல் ஆளின் கையோடு சேர்த்தாள்.

நேரம் முடியப்போகிறது. அப்போது அவர் தட்டினார்.

"மருந்து வேண்டாம். வீட்டுக்குப் போகலாம்."

தப்பு என்றது. நேரம் முடிந்து விடை வந்தது, பூட்டு. நான் அந்த விளையாட்டைச் செய்தவனை வாய்விட்டுத் திட்டினேன்.

"வீட்டுக்காரர்" அறையை விட்டு வெளியேறினார். கொஞ்ச நேரம் கழித்துப் போன் வந்தது.

"போய் அதத்தான் அவகிட்ட வாயால சொன்னேன். என் கையப் புடிச்சிட்டு விடவே மாட்டேங்கறாம்மா." பிறகு கேட்டார். "எத்தன வாரமா கேட்டுக்கிட்டு இருந்தா?"

சொன்னேன். பொய் சொல்லியிருக்கலாம்தான். பெரிய மனுஷன் குரல் விட்டு அழுவதை நான் அதற்குமுன் கேட்டதில்லை.

மே 26, ஞாயிறு

வீட்டில் இருக்கிறாள். வலிக்கு மட்டும் மருந்து. ஒரு நர்ஸ் வந்து போகிறார். நாங்கள் மூன்று பேரும் போனோம். ஒட்டடை கட்டிலில் உட்கார்ந்ததும் கட்டில் முனகியது, ரேடியோ சிரித்தாள். சத்தம் வரவில்லை, ஆனால் சிரிப்புத்தான். யாரும் எதையும் வரையவில்லை.

ஜூன் 11, செவ்வாய்

போய்விட்டாள். விடிகாலையில். அண்ணன் பக்கத்தில் இருந்தாராம்.

ஜூன் 14, வெள்ளி

இரண்டு மாதம் கூடக் கிடைத்திருக்குமோ? வக்கீலிடம் கேட்டேன். அவளுக்கு முதல் முறையாக வாதம் எதுவும் வரவில்லை.

ஜூன் 16, ஞாயிறு

இனி அறை வேண்டாம் என்று மூவரும் பேசி முடித்தோம். அவளுக்காகத்தானே திறந்தது.

ஜூலை 7, ஞாயிறு

மத்தியானம் மாமியாரின் கண்ணாடிக்கு மூக்குப்பட்டை மாற்றிக்கொண்டிருந்தேன். அண்ணனிடமிருந்து போன்.

"சும்மாதாம்மா" என்றார். சாப்பிட்டாயிற்றா என்று கேட்டார். வெயிலைப் பற்றிச் சொன்னார். மின்சாரம் அடிக்கடி போகிறது என்றார். சரி வைக்கிறேன் என்றார், ஆனால் வைக்கவில்லை.

"துணி தொவச்சுட்டேன். என் துணி மட்டுந்தான, சீக்கிரம் முடிஞ்சிடுது" என்றார். "இந்த ஞாயித்துக்கெழம மூணு மணிக்கு நான் என்னம்மா பண்றது?"

"ஒரு நிமிஷம் இருங்க அண்ணா" என்றேன். மாமியாரிடம் கண்ணாடியைக் கொடுத்துவிட்டு, ஒட்டடைக்கும் வக்கீலுக்கும் அண்ணனுக்கும் லிங்க்கை அனுப்பினேன்.